கோல்கீப்பர் என்னும் தொழில்: பதினொரு பேரில் ஒரே ஒரு நாற்காலி

கால்பந்துப் பேச்சில் கோல்கீப்பரைப் பற்றி எல்லோரிடமும் ஒரு தீர்ப்பு தயாராக இருக்கும். "நிக்கிற வேலைதானே", "உயரமா இருந்தா போதும்", "ஓட வேண்டியதில்ல, அதான் நாப்பது வயசு வரைக்கும் ஆடுறாங்க", "இன்னிக்குப் பத்து ஷாட்டைத் தடுத்தான், அவன்தான் பெரிய கீப்பர்." உலகக் கோப்பை நடக்கும் மாதத்தில் இவற்றை எங்கும் கேட்கலாம். இவற்றில் சில பாதி உண்மை, சில முழுத் தவறு. இந்தத் தொழிலை நேசித்துப் பார்க்கிறவன் என்ற முறையில், இது எப்படி இயங்குகிறது என்பதை அடிப்படையிலிருந்து சொல்ல விரும்புகிறேன்.

கோல்கீப்பரின் தொழில் வாழ்க்கையை ஒரு முடிச்சு ஆட்டிவைக்கிறது. இந்த வேலை நிஜ ஆட்டங்களில் நின்றால்தான் கைவரும். ஆனால் நிற்கிற இடம் ஒன்றுதான். இன்னொருவர் அங்கே நின்றுகொண்டிருப்பார். காத்திருப்பு, தாமதமான உச்சம், நீண்ட ஆயுள், ஒரே பிழையில் சரிவது எல்லாமே இந்த முடிச்சிலிருந்து வருகிறவை.

தோனியும் தினேஷ் கார்த்திக்கும்

கால்பந்து பழக்கமில்லாதவர்கள் கிரிக்கெட் விக்கெட் கீப்பரை நினைத்துக்கொள்ளலாம். சென்னைக்காரரான தினேஷ் கார்த்திக் 2004இல், தோனிக்கு முன்பே இந்திய அணிக்குள் வந்துவிட்டார். பிறகு தோனி வந்தார். கையுறை அவரிடம் போனது. கார்த்திக் 2010க்குப் பிறகு அடுத்த டெஸ்ட் ஆட 2018 வரை காத்திருந்தார். அவரிடம் திறமை இல்லாமல் போய்விடவில்லை. இருந்தது ஒரு இடம், அதில் இன்னொருவர் இருந்தார், அவ்வளவுதான்.

இந்த ஒப்பீடு ஓர் இடத்தில் நின்றுபோகிறது. விக்கெட் கீப்பர் மட்டையாளராகவும் அணிக்குள் நுழையலாம். கார்த்திக்கும் அப்படி ஆடியிருக்கிறார். கோல்கீப்பருக்கு அந்தப் பக்கவாசல் கிடையாது. நடுக்கள ஆட்டக்காரருக்குத் தன் இடம் கிடைக்காவிட்டால் விளிம்பில் ஆடுவார், கடைசி இருபது நிமிடத்துக்கு மாற்று ஆட்டக்காரராக இறங்குவார். கோல்கீப்பரை ஆட்டத்தின் நடுவில் மாற்றுவது பெரும்பாலும் காயம் பட்டாலோ சிவப்பு அட்டை கிடைத்தாலோதான். 2014 உலகக் கோப்பைக் காலிறுதியில் கோஸ்டாரிகாவுக்கு எதிராக நெதர்லாந்துப் பயிற்சியாளர் லூயி வான் கால், பெனால்டிகளுக்காகவே கடைசி நிமிடத்தில் டிம் க்ரூலை இறக்கினார். க்ரூல் இரண்டு பெனால்டிகளைத் தடுத்தார், நெதர்லாந்து வென்றது. இன்றும் அது பேசப்படுவதற்குக் காரணம், அப்படிச் செய்வது மிக அரிது என்பதுதான்.

பாய்வதற்கு முன்னால் நடக்கும் வேலை

நிஜ ஆட்டங்கள் ஏன் அவ்வளவு முக்கியம்? பயிற்சி மைதானத்தில் நாள் முழுக்கப் பாய்ந்து பழகலாமே என்று கேட்கலாம். அதற்குப் பதில் சொல்ல, இந்த வேலையின் உள்ளே போக வேண்டும்.

கோல் வாயின் அகலம் 7.32 மீட்டர், உயரம் 2.44 மீட்டர். எவ்வளவு நெடிய மனிதராக இருந்தாலும் கோட்டின் மேல் நின்றுகொண்டு அதை அடைக்க முடியாது. அதனால் கீப்பர் செய்வதன் பெயர் கோணத்தைக் குறைத்தல்: பந்தை நோக்கி முன்னேறி, அடிப்பவரின் கண்ணுக்குத் தெரியும் கோல் வாயைச் சுருக்குவது.

கணக்காகப் பார்ப்போம். பந்து கோலுக்கு நேர் எதிரே 16 மீட்டர் தொலைவில் இருக்கிறது. கீப்பர் கோட்டிலேயே நின்றால் 7.32 மீட்டரையும் காக்க வேண்டும். நான்கு மீட்டர் முன்னே வந்து நின்றால், அவர் நிற்கும் இடத்தில் பந்து கடக்கக்கூடிய அகலம் ஏறக்குறைய 5.5 மீட்டராகச் சுருங்கிவிடுகிறது. ஒவ்வொரு பக்கமும் கிட்டத்தட்ட ஒரு மீட்டர் மிச்சம்.

அந்த மிச்சத்துக்கு விலையும் உண்டு. மணிக்கு 90 கிலோமீட்டர் வேகத்தில் வரும் பந்து நொடிக்கு 25 மீட்டர் கடக்கும். கோட்டில் நின்றவருக்கு 0.64 நொடி இருந்தது. முன்னே வந்தவருக்கு 0.48 நொடிதான். கண் பார்த்து உடல் அசையத் தொடங்கவே 0.2 நொடி போய்விடும். மீதி 0.28 நொடியில் கை போய்ச் சேர வேண்டும். இன்னும் முன்னே வந்தால் பந்தைத் தலைக்கு மேலே தூக்கிப் போட்டுவிடும் ஆபத்து வேறு.

ஆக, எத்தனை அடி முன்னே வருவது என்பது ஒரு முடிவு. அடிப்பவர் எந்தக் காலால் அடிக்கிறார், தலை குனிந்திருக்கிறதா, பக்கத்தில் பாஸ் வாங்க ஆள் இருக்கிறதா, தன் டிஃபெண்டர் எந்தப் பக்கத்தை மறைக்கிறார் எல்லாவற்றையும் பார்த்து அரை நொடிக்குள் எடுக்க வேண்டிய முடிவு. அதை எடுத்த பிறகு, பந்து காலை விட்டுப் புறப்படும் அந்தக் கணத்தில் இரண்டு பாதமும் தரையில், உடல் சமநிலையில் இருக்க வேண்டும். ஓடிக்கொண்டிருக்கும்போது ஷாட் வந்தால் பாய முடியாது. படம்பிடிக்கத் தக்க அந்தரப் பாய்ச்சல்களில் பல, இரண்டு அடி சரியாக நின்றிருந்தால் தேவைப்பட்டே இருக்காது. நெஞ்சில் வந்து விழும் பந்தைப் பார்த்து 'நேரா அடிச்சுட்டான்' என்கிறோம். பல சமயம், நேராக அடிக்க வேண்டிய இடத்தில் கீப்பர் போய் நின்றிருக்கிறார்.

சுருக்கமாக: கோல்கீப்பிங்கின் பெரும்பகுதி கையிலும் காலிலும் நடப்பதற்கு முன் கண்ணிலும் முடிவிலும் நடக்கிறது. அந்த முடிவுகளுக்கான பழக்கம் நிஜ ஆட்டத்தின் நெரிசலிலும் பதற்றத்திலும்தான் படியும். பயிற்சியில் அடிக்கப்படும் நூறாவது ஷாட்டுக்கு விளைவு கிடையாது. அதனால் அது கற்றுத்தருவதும் குறைவு.

பத்து ஆண்டு காத்திருந்த மார்ட்டினெஸ்

இந்த முடிச்சை முழுதாகப் பார்க்க எமிலியானோ மார்ட்டினெஸைவிடச் சிறந்த உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

1992இல் அர்ஜென்டினாவின் மார் டெல் பிளாட்டா நகரில் பிறந்தவர். 17 வயதில், 2010இல், லண்டனின் ஆர்சனல் கிளப்புக்கு வந்தார். அங்கே இருந்தது அடுத்த பத்தாண்டு. அந்தப் பத்தாண்டில் ஆர்சனலின் கோல் வாயில் ஷ்டெஸ்னி, ஓஸ்பினா, பெட்ர் செக், லெனோ என்று பெயர்கள் மாறிக்கொண்டே இருந்தன. எதுவும் அவர் பெயராக இல்லை.

இப்படித் தேங்கும் கீப்பர்களுக்குக் கிளப்புகள் வைத்திருக்கும் வழி லோன். ஒப்பந்தம் சொந்தக் கிளப்பிடமே இருக்கும். ஒரு பருவத்துக்கோ பாதிப் பருவத்துக்கோ இன்னொரு கிளப்புக்கு ஆட அனுப்புவார்கள். முடிச்சை அவிழ்க்கும் முயற்சிதான் இது: இங்கே நாற்காலி இல்லை, வேறெங்காவது போய் ஆடிப் பழகி வா. மார்ட்டினெஸ் ஆக்ஸ்ஃபோர்ட், ஷெஃபீல்ட் வென்ஸ்டே, ராதரம், வுல்வர்ஹாம்ப்டன், ஸ்பெயினின் ஹெட்டாஃபே, பிறகு ரெடிங் என்று ஆறு கிளப்புகளுக்குப் போனார். சில இடங்களில் லோன் போயும் பெஞ்ச்தான். ஹெட்டாஃபேயில் அப்படித்தான் ஆனது. லோன் கொடுப்பது நாற்காலியை அல்ல, நாற்காலிக்கான இன்னொரு வரிசையை என்பது பலருக்குப் புரிவதில்லை.

2020 ஜூனில் பிரைட்டனுக்கு எதிரான ஆட்டத்தில் லெனோவின் முழங்காலில் அடிபட்டது. ஸ்ட்ரெச்சரில் போனார். மார்ட்டினெஸ் உள்ளே வந்தார். ஆகஸ்ட் முதல் தேதி செல்சீயை வென்று இங்கிலாந்தின் எஃப்.ஏ. கோப்பையைக் கையில் ஏந்தினார். அப்போது வயது 27. அடுத்த மாதமே ஆஸ்டன் வில்லாவுக்குப் போனார், ஏனென்றால் லெனோ குணமாகித் திரும்பும்போது நாற்காலி யாருக்கு என்று ஆர்சனல் உறுதி தரவில்லை. 2021 ஜூனில் அர்ஜென்டினாவுக்காக முதல் ஆட்டம், ஜூலையில் தென்னமெரிக்க நாடுகளின் கோப்பா அமெரிக்கா அரையிறுதியில் கொலம்பியாவின் மூன்று பெனால்டிகளைத் தடுத்தார், கோப்பையும் வந்தது.

2022 உலகக் கோப்பை இறுதி ஆட்டம். பிரான்ஸுடன் 3-3. கூடுதல் நேரமும் முடிந்து, 120 நிமிடங்களுக்கு மேல் மூன்றாவது நிமிடம். ரன்டால் கோலோ முவானி தனியாக உள்ளே வருகிறார். மார்ட்டினெஸ் கோட்டில் காத்திருக்கவில்லை. முன்னே வந்து, உடலை அகலமாக விரித்து, இடது காலால் அதைத் தடுத்தார். மேலே போட்ட கணக்குதான் அது, உயிரோடு. பிறகு பெனால்டியில் கோமானின் உதையையும் தடுத்தார். அந்தப் போட்டியின் சிறந்த கோல்கீப்பர் விருது அவருக்கு. சிறந்த கீப்பருக்கான யாஷின் கோப்பையை 2023, 2024 இரண்டு ஆண்டுகளும் வென்றார்.

ஒரு கேள்வியைத் தள்ளிவிட முடியவில்லை. 2020இல் லெனோவுக்கு அடிபடாமல் இருந்திருந்தால்? அந்தக் கை, அந்தக் கண், அந்தத் துணிச்சல் எல்லாம் அப்படியேதான் இருந்திருக்கும், ஆர்சனல் பெஞ்சில். அப்படி உட்கார்ந்தே முடிந்துபோன கீப்பர்களின் பெயர் நமக்குத் தெரியாது. இந்தத் தொழிலைப் பற்றி யோசிக்கும்போது எனக்கு மிகவும் கனமாக இருப்பது அதுதான்.

மூன்றாவது கீப்பர் எதற்கு?

பெரிய கிளப்புகளில் பொதுவாக மூன்று கீப்பர்கள் இருப்பார்கள். முதலாமவர் லீக் ஆட்டங்களில் நிற்பார். இரண்டாமவருக்குப் பல கிளப்புகள் உள்நாட்டுக் கோப்பை ஆட்டங்களைக் கொடுக்கின்றன. மூன்றாமவர் ஏறக்குறைய ஆடவே மாட்டார்.

ஸ்காட் கார்சன் 2019இலிருந்து 2025 வரை மான்செஸ்டர் சிட்டியில் இருந்தார். அந்த ஆறு ஆண்டுகளில் ஆடியவை இரண்டே ஆட்டங்கள். சம்பளம் வாங்கிக்கொண்டு சும்மா இருந்தார் என்று இதைச் சொல்வது எளிது, தவறும்கூட. பயிற்சியில் உலகின் மிகச் சிறந்த முன்கள ஆட்டக்காரர்கள் அடிக்கும் பந்துகளுக்கு முன்னால் தினமும் நிற்பவர் மூன்றாம் கீப்பர்தான். ஆட்டத்துக்கு முன் முதல் கீப்பரைப் பயிற்சி கொடுத்துத் தயார் செய்வதும், இளையவர்களுக்குத் துணை நிற்பதும் அவர் வேலை. இரண்டு பேருக்கு ஒரே வாரத்தில் காயம் பட்டால் எழுபதாயிரம் பேர் முன்னால் அவர் தயாராக இறங்கவும் வேண்டும்.

கார்சனின் தொழிலின் இரு முனைகளையும் பாருங்கள். 2005இல் லிவர்பூல் இஸ்தான்புல்லில் ஐரோப்பியக் கிளப்புகளின் சாம்பியன்ஸ் லீக் வென்றபோது பெஞ்சில் இருந்த இளைஞர் கார்சன். 2023இல், மீண்டும் அதே இஸ்தான்புல்லில், சிட்டி அதே கோப்பையை வென்றபோதும் அணியில் இருந்தார். நடுவில் 2007 நவம்பர். வெம்ப்லியில் இங்கிலாந்துக்காக நின்ற 22 வயதுக் கார்சன், குரோஷியாவின் கிரான்ச்சார் தூரத்திலிருந்து அடித்த பந்தைக் கைநழுவ விட்டார். இங்கிலாந்து 3-2 எனத் தோற்று, 2008 யூரோ கோப்பைக்குத் தகுதி பெறாமல் போனது. வேறு இரண்டு கோல்களும் விழுந்திருந்தன. நினைவில் நின்றது அவருடைய கைதான்.

பிழை ஏன் ஒட்டிக்கொள்கிறது?

ஸ்ட்ரைக்கர் நான்கு வாய்ப்பைக் கோட்டைவிட்டு ஐந்தாவதை அடித்தால் நாயகன். கீப்பர் நான்கைத் தடுத்து ஐந்தாவதை விட்டால் அந்த ஐந்தாவதுதான் அன்றைய செய்தி. அவருக்குப் பின்னால் இன்னொருவர் இல்லை என்பதால் அவர் பிழை நேராகப் பலகையில் எண்ணாக ஏறுகிறது.

இதன் உச்சமாகப் பிரேசிலின் மோவாசிர் பார்போசாவைச் சொல்ல வேண்டும். 1950இல் மரக்கானா அரங்கில் உருகுவேயின் கீஜ்யா அடித்த பந்து அவருக்கும் அருகிலிருந்த கம்பத்துக்கும் நடுவே நுழைந்தது. பிரேசில் 2-1 எனத் தோற்று உலகக் கோப்பையை இழந்தது. குறுக்கே பாஸ் வரும் என்று எதிர்பார்த்து அரை அடி நகர்ந்திருந்தார். அதே ஆட்டத்தில் உருகுவேயின் முதல் கோல் அப்படிப்பட்ட பாஸில்தான் விழுந்திருந்தது என்பதால் அது நியாயமான முடிவு. 2000இல் இறக்கும்வரை அந்தப் பழி அவரை விடவில்லை. அவர் கறுப்பினத்தவர் என்பதும் அந்தப் பழியில் கலந்திருந்தது.

பழிக்குப் பயப்படுவது ஆட்டத்தையே மாற்றுகிறது. 2007இல் வெளியான ஓர் இஸ்ரேலிய ஆய்வு 286 பெனால்டிகளைப் பார்த்தது. உதைகளில் ஏறக்குறைய 29 சதவீதம் நடுவில் வந்தன. ஆனால் கீப்பர்கள் நடுவிலேயே நின்றது சுமார் 6 சதவீதம்தான். நின்றபடி கோல் வாங்கினால் முயற்சியே செய்யவில்லை என்பார்கள். பாய்ந்து வாங்கினால் பாவம் என்பார்கள்.

அதனால் எண்களைக் கவனமாகப் படிக்க வேண்டும். கிளீன் ஷீட் என்பது கோலே வாங்காத ஆட்டம். அது கீப்பருடைய எண் போலத் தோன்றினாலும் பாதி டிஃபெண்டர்களுடையது. பெட்ர் செக் 2004-05 பருவத்தில் 24 கிளீன் ஷீட் வைத்தபோது அவர் முன்னால் ஜான் டெர்ரி இருந்தார். எத்தனை ஷாட்டைத் தடுத்தார் என்பதும் ஏமாற்றும். மோசமான அணியின் கீப்பருக்குத்தான் அதிகம் வரும். இப்போது பயன்படும் அளவு ஒன்று உண்டு: கோல் வாயை நோக்கிச் சரியாக வரும் ஒவ்வொரு ஷாட்டும் எங்கிருந்து, எந்த மூலைக்கு வந்தது என்று பார்த்து, அது கோலாகும் வாய்ப்பை ஒரு பின்னமாகக் கொடுப்பார்கள். பருவம் முழுக்கக் கூட்டினால் 40 வருகிறது, கீப்பர் வாங்கியது 34 என்று வைத்துக்கொண்டால், ஆறு கோலை அவர் மிச்சப்படுத்தியிருக்கிறார். இருப்பதில் நல்ல அளவு இதுதான். ஆனாலும், விளிம்பிலிருந்து கோல் முன்னால் தூக்கியடிக்கும் கிராஸைக் கீப்பர் முன்னே வந்து உயரத்திலேயே பிடித்துவிட்டால், அது ஷாட்டாகவே மாறவில்லை. அதனால் இந்தக் கணக்கில் அது வராது.

கையோடு காலும் சேர்ந்த 1992

1992 வரை டிஃபெண்டர் பந்தைக் காலால் பின்னே தள்ளினால் கீப்பர் கையால் எடுத்துக்கொள்ளலாம். நேரம் கடத்த அது சுலபமான வழி. அந்த ஆண்டு பேக்-பாஸ் விதி வந்தது: சக ஆட்டக்காரர் வேண்டுமென்றே காலால் கொடுத்த பந்தைக் கீப்பர் கையால் தொடக்கூடாது. ஒரே விதியில் கீப்பர் பதினோராவது களத்து ஆட்டக்காரராகிவிட்டார். 2014 உலகக் கோப்பையில் அல்ஜீரியாவுக்கு எதிராக ஜெர்மனியின் மானுவல் நோயர் மீண்டும் மீண்டும் பெனால்டிப் பகுதியை விட்டு வெளியே ஓடி வந்து பந்தை அகற்றியபோது இதன் முழு வடிவம் தெரிந்தது.

இது ஒரு தொழில் வாழ்க்கையை என்ன செய்யும் என்பதற்கு ஜோ ஹார்ட் சாட்சி. மான்செஸ்டர் சிட்டியுடன் இரண்டு லீக் பட்டங்கள், அதிகக் கிளீன் ஷீட்டுக்கான விருது நான்கு முறை. 2016இல் பெப் கார்டியோலா பயிற்சியாளராக வந்தார். காலால் பாஸ் கொடுத்துப் பின்னாலிருந்தே தாக்குதலைத் தொடங்கிவைக்கும் கீப்பர் அவருக்கு வேண்டியிருந்தது. 29 வயதில், வழக்கமான கணக்குப்படி உச்சத்துக்குப் போக வேண்டிய நேரத்தில், ஹார்ட் இத்தாலியின் டொரினோவுக்கு லோனில் போனார். ஷாட் தடுக்கும் கை ஒரு கோடைக்குள் கெட்டுப்போகவில்லை. நாற்காலியின் வடிவம்தான் மாறிவிட்டது.

விலையிலும் இதே கதை. 2001இல் ஜான்லூயிஜி புஃபோனுக்கு யுவென்டஸ் கொடுத்த தொகை 17 ஆண்டுகள் கீப்பருக்கான உலகச் சாதனையாக நின்றது. ஸ்ட்ரைக்கர்களின் விலை அதற்குள் பலமடங்காகியிருந்தது. நாற்காலி ஒன்று, அதில் நல்லவர் உட்கார்ந்தால் பத்தாண்டுக்கு மாற்ற வேண்டியதில்லை, சந்தை சிறியது. 2018இல் அலிசனுக்காக லிவர்பூல் அந்தச் சாதனையை முறியடித்தது, சில வாரங்களில் கெப்பாவுக்கு 7.16 கோடி பவுண்டு கொடுத்து செல்சீ அதையும் தாண்டியது. இரண்டே ஆண்டில் அவர் இடம் எடுவார் மென்டியிடம் போனது. மென்டி இளம் வயதில் ஏறக்குறைய ஒரு வருடம் கிளப்பே இல்லாமல் வேலை தேடியவர். 2021இல் செல்சீ சாம்பியன்ஸ் லீக் வென்றபோது கோலில் நின்றவர் அவர்.

தொடக்கம் எங்கே, முடிவு எப்போது?

எல்லோரும் சிறுவயதிலேயே கையுறையோடு தொடங்குவதில்லை. புஃபோன் சிறுவனாக நடுக்களத்தில் ஆடியவர். 1990 உலகக் கோப்பையில் கேமரூனின் தோமா ந்கோனோவைப் பார்த்து மாறினார். நம் பீட்டர் தங்கராஜ் செகந்திராபாத்தில் ஆடத் தொடங்கி, ராணுவத்தின் மெட்ராஸ் ரெஜிமென்டல் சென்டர் அணியில் சென்டர் ஃபார்வர்டாக, அதாவது முன்கள ஆட்டக்காரராக, ஆடிப் பிறகு கோல்கீப்பரானவர். 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டுப் போட்டியில் தென்கொரியாவை 2-1 என வென்று இந்தியா தங்கம் வாங்கியபோது கோலில் நின்றது அவர்தான்.

முடிவு தாமதமாக வருவதற்கு 'ஓட வேண்டியதில்லை' என்பது பாதிக் காரணம்தான். வேகம் குறையும்போது கண்ணின் அனுபவம் கூடிக்கொண்டே போகிறது. எங்கே நிற்பது என்று தெரிந்தவருக்குத் தூரமாகப் பாய வேண்டியதில்லை. டினோ சோஃப் 40 வயதில் இத்தாலியின் தலைவராக 1982 உலகக் கோப்பையை வென்றார். வான் டெர் சார் 38 வயதில், 2008-09 பருவத்தில், பிரீமியர் லீக்கில் 1,311 நிமிடங்கள் தொடர்ந்து கோலே வாங்காமல் நின்றார். புஃபோன் 2023இல் 45 வயதில்தான் ஓய்வு பெற்றார். தேய்வது தோளும் விரல்களும் இடுப்பும். அதோடு, தரையில் விழுந்தவர் இரண்டாவது ஷாட்டுக்கு எழுந்து நிற்கும் வேகம்.

எகிப்தின் எஸ்ஸாம் எல் ஹடாரி ஆப்பிரிக்கக் கோப்பையை நான்கு முறை வென்றவர். அவர் காலத்தில் எகிப்து ஒவ்வொரு உலகக் கோப்பைத் தகுதிச் சுற்றிலும் தவறிக்கொண்டே வந்தது. 2018இல் ஒருவழியாகத் தகுதி பெற்றபோது அவருக்கு 45 வயது. ரஷ்யாவில் முதல் இரண்டு ஆட்டங்களிலும் நாற்காலி முகமது எல் ஷெனாவியிடம் இருந்தது. எகிப்து வெளியேறுவது உறுதியான பிறகு, சவூதி அரேபியாவுக்கு எதிரான மூன்றாவது ஆட்டத்தில் எல் ஹடாரியை இறக்கினார்கள். உலகக் கோப்பையில் ஆடிய மிக மூத்த ஆட்டக்காரர் ஆனார். ஒரு பெனால்டியை வலப்பக்கம் பாய்ந்து கையால் மேல் கம்பத்தில் தட்டித் தடுத்தார். சிறிது நேரத்தில் இன்னொரு பெனால்டி வந்தது, அது கோலானது. எகிப்து 2-1 எனத் தோற்றது. அதுதான் அவர் ஆடிய ஒரே உலகக் கோப்பை ஆட்டம்.